விசிலக்கா வாபஸ் வாங்கிய மனு

விசிலக்கா முதன்முதலில் குளத்துக்குள் இறங்கியபோது அவளுக்கு வயது முப்பத்தொன்று. குளத்தில் தண்ணீர் கணுக்காலளவுதான் இருந்தது.

அதற்கு முன் ஏழு வருடம் அவள் அந்த நகராட்சி நீச்சல்குளத்தின் வாசலில் சீட்டுக் கொடுக்கும் அறையில் உட்கார்ந்திருந்தாள். அறை என்று சொன்னால் அறைக்கே கூச்சமாக இருக்கும். ஒரு நாற்காலி, ஒரு மேசை, முன்னும் பின்னும் கண்ணாடி. முன் கண்ணாடியில் தெரு தெரியும், பின் கண்ணாடியில் குளம் தெரியும். தெருவைப் பார்த்துச் சீட்டைக் கிழித்தாள், குளத்தைப் பார்த்து நீச்சலைப் படித்தாள். எந்தக் கை முன்னே போகிறது, தலை எந்தப் பக்கம் திரும்புகிறது, மூச்சை எங்கே இழுத்து எங்கே விடுகிறார்கள், எல்லாம் அத்துப்படி. யாராவது காலைக் கோணலாக உதைத்தால் இவளுக்கு நாற்காலியில் இருப்புக்கொள்ளாது. ஆனால் "நீயும் இறங்கேன்" என்று யாராவது சொல்லிவிட்டால் போதும், சீட்டுக்கட்டை எடுத்து அடுக்க ஆரம்பித்துவிடுவாள்.

வருடத்துக்கு இரண்டு தடவை குளத்தைக் காலி செய்து, தேய்த்துக் கழுவி, மறுபடி நிரப்புவார்கள். நிரம்ப இரண்டு நாள் பிடிக்கும். அப்படி ஒரு நாள் மத்தியானம், குளம் மூடியிருந்தது, சீட்டு வாங்க ஆள் இல்லை. செருப்பைக் கழற்றிவிட்டுப் படியில் இறங்கினாள். நீலத் தரையில் கணுக்காலளவு தண்ணீர். இவ்வளவு தண்ணீரில் யாரும் சாக முடியாது என்று நினைத்தாள். உட்கார்ந்தாள். பிறகு, யாரும் பார்க்கவில்லை என்பதை நான்கு பக்கமும் உறுதி செய்துகொண்டு, மல்லாந்து படுத்தாள். குழாயிலிருந்து தண்ணீர் விழுந்துகொண்டே இருந்தது. அது ஏற ஏற இவளும் ஏறினாள். சாயங்காலம் எழுந்து நின்றபோது தண்ணீர் தொடையைத் தொட்டது. தன் முதுகு தரையை விட்டு எப்போது எழும்பியது என்று அவளுக்கே தெரியவில்லை.

"நானும் குளமும் சேர்ந்தே வளர்ந்தோம்" என்று பிற்பாடு சொல்லுவாள்.

மூன்று வருடத்தில் பயிற்சியாளர் தேர்வு எழுதித் தேறினாள். கழுத்தில் ஒரு விசில் தொங்க ஆரம்பித்தது; அதோடு சொந்தப் பெயரும் காணாமல் போயிற்று. மின்விசிறி பழுதுபார்க்கும் அவள் கணவர்கூட வீட்டுக்கு யாராவது தேடி வந்தால் "விசில் உள்ளே இருக்கு" என்றுதான் சொல்லுவார். அவருக்குத் தண்ணீர் என்றால் ஆகாது. "குளிக்கிற வாளியே எனக்கு ஆழம்" என்பவர்.

பெண்களுக்கென்று தனியாகக் காலை ஆறிலிருந்து ஏழு வரை ஒரு மணி நேரம் வேண்டும் என்று அவள்தான் அப்போதிருந்த கண்காணிப்பாளரிடம் போய்க் கேட்டாள். அவர் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். கோப்பையை வாயிலிருந்து எடுக்காமலே தலையை ஆட்டினார். அந்த ஒரு தலையாட்டலில் ஒன்பது வருடம் ஓடியது. நாற்பது தாண்டியவர்கள், ஐம்பது தாண்டியவர்கள், முழங்கால் வலிக்காக வந்தவர்கள், முதுகுவலிக்காக வந்தவர்கள், வீட்டில் ஒரு மணி நேரம் யாரும் கூப்பிடாமல் இருக்கட்டும் என்றே வந்தவர்கள். புதிதாகச் சேருபவர்களை அவள் நிரப்பும் நாளில்தான் வரச் சொல்லுவாள். எல்லாரையும் கணுக்காலளவு தண்ணீரில் வரிசையாகப் படுக்க வைப்பாள். பார்ப்பதற்கு மீன் சந்தை போல இருக்கும்.

முதல் பாடம் மிதப்பது என்று எல்லாரும் நினைத்துக்கொண்டு வருவார்கள். அவள் முதலில் கற்றுக்கொடுப்பது எழுந்து நிற்பதை. முழங்காலை வயிற்றுக்கு மடக்கு, கையால் தண்ணீரைக் கீழே அமுக்கு, தலையைத் தூக்கு, பாதத்தைத் தரையில் வை. அது வந்த பிறகுதான் மிதப்பது. அவள் இரண்டு தடவை கை தட்டினால் யார் எந்த மூலையில் என்ன செய்துகொண்டிருந்தாலும் எழுந்து நின்றாக வேண்டும். விசில் சத்தம் கூரையில் முட்டி நாலாபக்கமும் சிதறிவிடும், அதனால் பெண்கள் நேரத்தில் கைதட்டல்தான்.

அந்தக் கூட்டத்தில் இரண்டு பேரைச் சொல்லியாக வேண்டும். ஒருவர் வக்கீலம்மா. ஐம்பத்தெட்டு வயது, முப்பது வருட அனுபவம். கோர்ட்டில் எதிராளியை விடமாட்டார். குளத்தில் ஓரக் கம்பியை விடமாட்டார். நான்கு மாதமாக அந்தக் கம்பியைப் பிடித்தபடியே காலை உதைத்துக்கொண்டிருந்தார். இன்னொருத்தி விசிலக்காவின் நாத்தனார், கணவரின் தங்கை. நீந்துவதைவிடப் பேசுவது அதிகம்.

"வக்கீலம்மா, அந்தக் கம்பிக்கு ஸ்டே ஆர்டர் வாங்கி வச்சிருக்கீங்களா?" என்பாள்.

"நீ வாயை மூடிக்கிட்டு உதைம்மா. வாய் வழியா தண்ணி போகுது."

இப்படி ஓடிக்கொண்டிருந்த நேரத்தில்தான் புதுக் கண்காணிப்பாளர் வந்தார். கெட்ட மனிதர் இல்லை. அவருடைய அறையில் ஒரு கண்ணாடி அலமாரி இருந்தது, அதில் ஒரு பரிசுக்கோப்பைகூட இல்லை. அது அவரை அரித்துக்கொண்டே இருந்தது. போட்டிக்குப் பயிற்சி எடுக்கும் சங்கம் ஒன்று, காலை ஆறு மணியைக் கொடுத்தால் அலமாரியை நிரப்பிக் காட்டுகிறோம் என்று சொல்ல, அவர் மனம் கரைந்துவிட்டது.

ஒரு திங்கட்கிழமை காலை வாசலில் இருந்த கரும்பலகையில், கீழ்ப்பாதியில், சாக்பீஸால் எழுதியிருந்தது: மறு அறிவிப்பு வரை மகளிர் நேரம் கிடையாது. உத்தரவுப்படி.

அன்று காலை உள்ளே விட்டதுதான் கடைசி. ஏழு மணிக்கு ஈரத்தலையோடு வெளியே வந்த பெண்கள் பலகையைச் சுற்றி நின்றார்கள். முழங்கால் வலிக்காரி ஒருத்தி சட்டென்று அழுதுவிட்டாள். விசிலக்கா அழவில்லை. மேலிருந்து கீழாக ஒரு தடவை, கீழிருந்து மேலாக ஒரு தடவை படித்துவிட்டு, "வக்கீலம்மா, இதுக்கு என்ன வழி?" என்றாள்.

வக்கீலம்மாவின் கண்ணாடி பையில் எங்கோ துண்டுக்கு அடியில் இருந்தது. அதைத் தேடப் பொறுமையில்லை. கைப்பேசியில் பலகையைப் படம் எடுத்தார். "நாளைக்குள்ள மனு ரெடி" என்றார். சொன்னபடி மறுநாள் மனு வந்தது. விசிலக்கா மனுதாரர். கையெழுத்துப் போடச் சொன்ன இடத்திலெல்லாம் போட்டாள். "படிச்சுப் பாரு" என்று வக்கீலம்மா சொல்லத்தான் செய்தார். "நீங்க எழுதினதை நான் என்னத்தப் படிக்கிறது" என்றாள் இவள். நம்பிக்கைதான். அதிலேதான் ஓட்டை விழுந்தது.

ஆறு வாரம் கழித்து நகராட்சித் தரப்பிலிருந்து பதில் மனு வந்தது. வக்கீலம்மா அவளை அலுவலகத்துக்கு வரச் சொன்னார். அச்சகம் ஒன்றின் மாடியில் இரண்டு அறைகள். கீழே இயந்திரம் ஓடினால் மேலே மேசையில் பேனா தானாக உருளும். சுவர் முழுக்கக் கோப்புகள், ஜன்னலோரம் ஒரு கொடி, அதில் ஆறு வாரமாக நனையாத நீச்சல் உடை.

"இதைப் பாரேன்" என்று காகிதத்தை நீட்டினார் வக்கீலம்மா. முகம் கறுத்திருந்தது. "நாம ரத்து பண்ணச் சொன்ன ஆணை எண்ணில எந்த ஆணையும் இல்லைங்கறாங்க. நகராட்சியில எந்தப் பிரிவுலயும் இல்லையாம். பொய் சொல்றாங்களா, என்னன்னு புரியல. பலகையில தெளிவா இருந்துச்சு. நானே படம் எடுத்தேன்."

"என்ன எண் போட்டிருக்கீங்க?"

"ஏழு புள்ளி நாலு, சாய்கோடு, ஒண்ணு புள்ளி அஞ்சு, சாய்கோடு, இருபத்தெட்டு. பக்கத்துலயே தேதி."

விசிலக்கா மெதுவாக நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வக்கீலம்மா."

"சொல்லு."

"அது தண்ணி."

"எது தண்ணி?"

"ஏழு புள்ளி நாலு தண்ணியோட அமிலத்தன்மை. ஒண்ணு புள்ளி அஞ்சு குளோரின். இருபத்தெட்டு சூடு. தினமும் காலையில குப்பியில தண்ணி எடுத்து, சொட்டு மருந்து விட்டுப் பாத்து, பலகையோட மேல் பாதியில நான்தான் எழுதுவேன். தலைப்பெல்லாம் ஈரத்துல உரிஞ்சு போயி மூணு வருஷமாச்சு. எண்ணு மட்டும்தான் இருக்கும். அது என் கையெழுத்து."

கீழே இயந்திரம் ஓடத் தொடங்கியது. பேனா உருண்டு தரையில் விழுந்தது. யாரும் எடுக்கவில்லை.

விசிலக்காவுக்கு முதலில் உதடு துடித்தது. அடக்கப் பார்த்தாள். முடியவில்லை. அவள் சிரிக்க ஆரம்பித்தால் உட்கார்ந்து சிரிக்கிறவள் இல்லை. எழுந்து மாடிப்படி வரை போய், கைப்பிடியில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தாள். தன் கையெழுத்தையே எதிர்த்துத் தானே கையெழுத்துப் போட்டு வழக்குத் தொடுத்திருக்கிறாள். அச்சகத்து ஆள் மேலே எட்டிப் பார்த்துவிட்டு, அழுகிறாள் என்று நினைத்து மரியாதையாக உள்ளே போய்விட்டார்.

திரும்பி வந்தபோது வக்கீலம்மா சிரிக்கவில்லை. ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். முப்பது வருடத்தில் ஒரு தேதியைக்கூடத் தப்பாகப் போடாதவர்.

"வாபஸ் வாங்கணும்" என்றார்.

விசிலக்காவின் சிரிப்பு அப்படியே நின்றது. "வாபஸா? பத்தொன்பது பேரு தினமும் போன் பண்ணி எப்ப திறக்கும்னு கேக்கறாங்க. தோத்துட்டு வந்துட்டேன்னு அவங்களுக்கு நான் எப்படிச் சொல்றது?"

"சண்டை போட்டாத்தான் தோப்போம். இல்லாத ஆணையை ரத்து பண்ணுன்னு கேட்டா, கோர்ட் தள்ளுபடி பண்ணிடும். அதோட போச்சு."

"அப்போ வாபஸ் வாங்கினா?"

"அதுலயும் ஒரு சிக்கல் இருக்கு. சும்மா வாபஸ்னு சொல்லிட்டு வந்துட்டா, அதே விஷயத்துக்காக மறுபடி அந்தப் படி ஏற முடியாது. 'நீதானே வேண்டாம்னு போன'ம்பாங்க. அதனால, மனுவுல இந்த மாதிரி ஒரு குறை இருக்கு, திருத்தி வேற மனு போடணும், அதுக்கு உரிமை கொடுங்கன்னு கேக்கணும். 'புதிதாக மனு தாக்கல் செய்யும் உரிமையோடு திரும்பப் பெற அனுமதிக்கப்படுகிறது'. இந்த வரி உத்தரவுல இருந்தாத்தான் நமக்கு வழி திறந்திருக்கும். அதை நாமளா எடுத்துக்க முடியாது, கோர்ட் கொடுக்கணும்."

விசிலக்கா கண்ணை மூடி யோசித்தாள். பிறகு நாற்காலியில் உட்கார்ந்தபடியே முழங்காலை வயிற்றுக்கு மடக்கி, கைகளைக் கீழே அமுக்கி, பாதத்தைத் தரையில் வைத்தாள்.

"எந்திரிச்சு நிக்கிறோம். கரையேறலை" என்றாள்.

"அதேதான்."

"அப்ப அந்த வரியை இன்னொரு தடவை சொல்லுங்க."

பத்துத் தடவை சொல்லவைத்தாள். தானும் திருப்பிச் சொன்னாள். வீட்டுக்குப் போகும் பேருந்திலும் சொல்லிக்கொண்டே போனாள். அவள் கணவர் இரவுச் சாப்பாட்டின்போது, "என்ன அது, மந்திரமா?" என்று கேட்டார்.

கோர்ட்டுக்கு அவளோடு ஆறு பெண்கள் வந்தார்கள். நாத்தனார் தலைமை. விசில், குடை, தண்ணீர்ப் புட்டி எல்லாவற்றையும் வாசலில் வாங்கி வைத்துக்கொண்டு உள்ளே விட்டார்கள். நீளமான கூடம், உயரத்தில் விசிறிகள் சுற்றின. மூன்றாவது விசிறி தட்டுகிறது, தன் கணவர் பார்த்தால் ஏணி கேட்பார் என்று விசிலக்காவுக்குத் தோன்றியது. கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள்.

அவர்கள் முறை வர மதியம் ஆகிவிட்டது. நீதிபதி களைத்திருந்தார். நகராட்சி வக்கீலுக்குக் கடுமையான சளி. கைக்குட்டையும் கோப்பும் ஒரே கையில்.

"மனுவைத் திரும்பப் பெற விரும்பறோம் ஐயா. புதுசா மனு போடற உரிமையோட" என்றார் வக்கீலம்மா.

"வாபஸ் வாங்கட்டும் ஐயா, எங்களுக்கு ஆட்சேபம் இல்ல" என்றார் சளிக்காரர். "ஆனா உரிமை எதுக்கு? எங்க நேரத்தையும் கெடுத்துட்டு, மறுபடி வருவோம்னா எப்படி?"

நீதிபதி வக்கீலம்மாவைப் பார்த்தார். "உரிமை கேட்டா காரணம் சொல்லணும். மனுவுல என்ன குறை?"

வக்கீலம்மா ஒரு தடவை சுற்றிப் பார்த்தார். கூடம் முழுக்கத் தெரிந்த முகங்கள். அவரிடம் வேலை பழகிய மூன்று பேர் முன்வரிசையில் இருந்தார்கள். விசிலக்கா அவருடைய முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்தாள். வலது கை மேசை விளிம்பைப் பிடித்திருந்தது. விரல் மூட்டுகள் வெளுத்திருந்தன. அந்தப் பிடி அவளுக்கு நன்றாகத் தெரிந்த பிடி. நான்கு மாதம் பார்த்த பிடி. போயிற்று, ஏதாவது மழுப்பிவிட்டு உட்கார்ந்துவிடப் போகிறார் என்று நினைத்தாள்.

விரல்கள் ஒவ்வொன்றாக விளிம்பை விட்டன.

"தப்பு என்னோடது ஐயா. குளத்து வாசல்ல இருந்த பலகையைக் கண்ணாடி போட்டுப் படிக்காம, படம் மட்டும் எடுத்துட்டுப் போயிட்டேன். ஆணை எண்ணுன்னு நினைச்சு நான் மனுவுல போட்டது தண்ணியோட அமிலத்தன்மை, குளோரின் அளவு, வெப்பநிலை."

ஒரு கணம் விசிறி தட்டும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு முன்வரிசையில் யாரோ இருமினார்கள். அது இருமல் இல்லை என்பது எல்லாருக்கும் தெரிந்தது.

நீதிபதி மனுவை முதல் பக்கத்துக்குப் புரட்டினார். "அதாவது, தண்ணியோட தரத்தை ரத்து செய்யணும்னு கேட்டிருக்கீங்க."

"ஆமாங்க ஐயா."

"தரம் எப்படி?"

"நல்ல தரம்தானாம் ஐயா."

இப்போது சளிக்காரரும் சிரித்துவிட்டார். சிரிப்பில் தும்மல் கலந்து கைக்குட்டை போதாமல் போனது. நீதிபதி காத்திருந்துவிட்டு அவரிடம் கேட்டார்: "சரி, பலகையில கீழ்ப் பாதியில 'உத்தரவுப்படி'ன்னு இருக்கே. அது யாரோட உத்தரவு?"

சளிக்காரர் கோப்பை முன்னும் பின்னும் புரட்டினார். "விவரம் கேட்டுச் சொல்றேன் ஐயா."

"நீங்க கேளுங்க. அவங்களும் முதல்ல நகராட்சி அதிகாரிகிட்ட முறையா விண்ணப்பம் கொடுக்கட்டும். முப்பது நாள்ல முடிவு சொல்லுங்க. அதுல குறை இருந்தா வரட்டும்." தட்டச்சு செய்பவர் பக்கம் திரும்பி உத்தரவைச் சொல்ல ஆரம்பித்தார். மனுதாரர் அதிகாரியிடம் விண்ணப்பிக்கலாம் என்றார். முப்பது நாள் என்றார். "மனு திரும்பப் பெறப்பட்டதால் தள்ளுபடி செய்யப்படுகிறது" என்றார். நாற்பது வழக்கு முடித்த களைப்பு. பக்கத்தில் இருந்தவர் அடுத்த வழக்கின் எண்ணைக் கூப்பிட்டுவிட்டார்.

வக்கீலம்மா கோப்பைக் கட்டிக்கொண்டிருந்தார். மனதிலிருந்த பாரம் இறங்கிய வேகத்தில் அவருக்குக் காது கேட்கவில்லை போலும்.

விசிலக்காவுக்குக் கேட்டது. தள்ளுபடி வரை கேட்டது. அதற்குப் பின்னால் வரவேண்டிய வரி வரவில்லை. அவள் கை தானாகக் கழுத்துக்குப் போனது, விசில் இல்லை. யோசிக்கவும் நேரமில்லை. யாராவது மூழ்கும்போது யோசிக்கிறவள் இல்லை அவள்.

இரண்டு தடவை கை தட்டினாள்.

கடைசி வரிசையில் ஆறு பெண்களும் எழுந்து நின்றார்கள்.

கூடம் மொத்தமும் திரும்பிப் பார்த்தது. காவலர் ஒருவர் வேகமாக வந்தார். நீதிபதி கையைக் காட்டி அவரை நிறுத்தினார். "யாரது?"

"நான்தான் மனுதாரர், ஐயா. மன்னிச்சுக்கணும். ஒரு வரி விட்டுப்போச்சு."

"எந்த வரி?"

"புதிதாக மனு தாக்கல் செய்யும் உரிமையோடு." பேருந்தில் சொன்ன மாதிரியே, ஒரே மூச்சில் சொன்னாள்.

நீதிபதி தட்டச்சு செய்பவரைப் பார்த்தார். அவர் திரையில் இருந்ததைப் படித்துக் காட்டினார். வரி இல்லை. நீதிபதி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "தள்ளுபடின்னு வேண்டாம், அதை எடுத்துடுங்க. புதிதாக மனு தாக்கல் செய்யும் உரிமையோடு திரும்பப் பெற அனுமதிக்கப்படுகிறது. போட்டாச்சா? இன்னொரு தடவை படிங்க." படிக்கப்பட்டது. விசிலக்கா கூடவே உதட்டை அசைத்தாள்.

"சரிதானேம்மா?"

"சரிங்க ஐயா."

"இவங்க எல்லாம் ஏன் நிக்கறாங்க?"

"நான் கை தட்டினா நிக்கணும் ஐயா. பழகிப்போச்சு."

"உக்காரச் சொல்லுங்க. இனிமே இங்க கை தட்டாதீங்க."

வெளியே வராந்தாவில் நாத்தனார்தான் முதலில் வாயைத் திறந்தாள். "அண்ணி, இப்ப நாம ஜெயிச்சோமா, தோத்தோமா? அண்ணன் கேட்டா என்ன சொல்றது?"

"ரெண்டும் இல்லன்னு சொல்லு."

"அதுக்கா காலையிலேர்ந்து பட்டினி கிடந்தோம்?"

வக்கீலம்மா சுவரில் சாய்ந்து சிரித்துக்கொண்டிருந்தார். மாடியில் வராத சிரிப்பு, இரண்டு வாரம் தாமதமாக. கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மறுபடி போட்டு, மறுபடி கழற்றினார். "முப்பது வருஷம்" என்றார். "எனக்காக யாரும் கை தட்டினதில்ல."

விண்ணப்பத்தில் பத்தொன்பது பேரும் கையெழுத்திட்டார்கள். இந்தத் தடவை விசிலக்கா ஒவ்வொரு வரியையும் விரல் வைத்துப் படித்தாள். நகராட்சி அதிகாரியின் அறையில் நான்கு நாற்காலிதான். பத்தொன்பது பேரும் உள்ளே வந்து நின்றார்கள். கண்காணிப்பாளரையும் வரச் சொல்லியிருந்தார்கள். அவர் அங்கிருந்த கோப்பு அலமாரிப் பக்கம் ஒதுங்கி நின்றார்.

"மகளிர் நேரத்தை ரத்து செஞ்ச ஆணையைக் கொண்டுவாங்க" என்றார் அதிகாரி. எழுத்தர் போனார், வந்தார். அப்படி ஓர் ஆணை இல்லை.

அதிகாரி கண்காணிப்பாளரைப் பார்த்தார். கண்காணிப்பாளர் தன் செருப்பைப் பார்த்தார். "நானே எழுதிட்டேன் சார். 'உத்தரவுப்படி'ன்னு போட்டா எல்லாரும் கேட்டுப்பாங்கன்னு."

"சரி. மகளிர் நேரம் ஒதுக்கின ஆணையையாவது கொண்டுவாங்க. பாத்து அதையே உறுதி பண்ணிடலாம்."

எழுத்தர் மறுபடி போனார். இந்தத் தடவை வர நேரமானது. கைகள் முழுக்கத் தூசி. அதுவும் இல்லை. எப்படி இருக்கும்? அது ஒரு தலையாட்டல். தலையாட்டியவரும் ஓய்வு பெற்றுப் போய்விட்டார்.

விசிலக்காவுக்கு ஒன்பது வருடம் காலடியில் இருந்த தரை திடீரென்று இல்லாமல் போனதுபோல இருந்தது. காகிதத்தில் அவர்கள் நேரம் ஒரு நாளும் இருந்ததில்லை. இருந்தேயிராத ஒன்றை இல்லாத ஆணையால் பறித்திருக்கிறார்கள். இதைக் காரணம் காட்டி இந்த மனிதர் கையை விரித்துவிட்டால்?

வக்கீலம்மா கோர்ட் உத்தரவின் நகலை மேசைமேல் வைத்து, கடைசி வரிக்கு நேரே விரலை வைத்தார். அவ்வளவுதான். அதிகாரி அந்த வரியைப் படித்தார். விரலைப் பார்த்தார். பத்தொன்பது பேரைப் பார்த்தார்.

"புது மனு தயாரா இருக்கா?" என்று கேட்டார்.

"பையில இருக்கு சார். எண் எதுவும் போடல."

அதிகாரி வாய்க்குள் சிரித்தார். ஒரு வெள்ளைத் தாளை இழுத்தார். "இல்லாத ஆணையை ரத்து செய்ய எனக்கு வழியில்ல. புதுசா ஒரு ஆணை போட வழியிருக்கு. எத்தனை மணியிலேர்ந்து எத்தனை மணி வரைக்கும்?"

நாத்தனார் அண்ணியின் இடுப்பில் கிள்ளினாள். எட்டு என்று சொல் என்பது அந்தக் கிள்ளலின் பொருள். எழுத்தில் எதுவும் இல்லையே, யாருக்குத் தெரியப்போகிறது. விசிலக்காவும் ஒரு கணம் தடுமாறத்தான் செய்தாள்.

"ஆறிலிருந்து ஏழு" என்றாள்.

"ஏறி வந்து துணி மாத்த வேண்டாமா சார்?" என்றாள் நாத்தனார், விடாமல். "ஒன்பது வருஷமா ஏழு மணிக்கு ஈரத்தோட வெளியே துரத்தறாங்க."

அதிகாரி பேனாவைத் தாளுக்கு மேலே நிறுத்தினார். பிறகு, "ஆறு முதல் ஏழேகால் வரை" என்று எழுதினார். நீச்சல் சங்கத்துக்கு மாலை நேரம் என்றும் எழுதினார். கீழே கையெழுத்து, தேதி, முத்திரை. எண்ணும் போட்டார். வக்கீலம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அந்த எண்ணை மூன்று தடவை படித்தார்.

"என் அலமாரி?" என்றார் கண்காணிப்பாளர் பரிதாபமாக.

"கவலைப்படாதீங்க சார்" என்றாள் நாத்தனார். "கடையில கோப்பை விக்கிது. பெருசா ஒண்ணு வாங்கி வச்சுடலாம்."

மறுவாரம் திங்கட்கிழமை ஆறு மணிக்குக் கதவு திறந்தது. பத்தொன்பது பேரும் வந்தார்கள். இரண்டு மாதத்துக்கும் மேலான இடைவெளியில் முழங்கால் வலிக்காரி நீச்சலை மறந்திருந்தாள், ஐந்தே நிமிடத்தில் மறுபடி வந்துவிட்டது. வக்கீலம்மா கம்பியைப் பிடிக்காமல் மூன்று கை தூரம் போனார், தண்ணீர் குடித்தார், எழுந்து நின்றார், மறுபடி போனார். இதைப் பற்றி யாரும் பெரிதாகப் பேசவில்லை. நாத்தனார்கூடப் பேசவில்லை என்பதைத்தான் எல்லாரும் கவனித்தார்கள்.

சுவர்க் கடிகாரம் ஏழைத் தொட்டதும் ஒன்பது வருடப் பழக்கத்தில் எல்லாரும் படியை நோக்கி நடந்தார்கள். பாதிப் பேர் ஏறியும்விட்டார்கள். அப்புறம்தான் ஒருத்தி "இன்னும் காமணி நேரம் இருக்கே" என்றாள். துணி மாற்றக் கொடுத்த நேரம்தான். ஆனால் யாரும் துணி மாற்றப் போகவில்லை. ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இந்தக் கால்மணி நேரத்தில் பாடம் எதுவும் இல்லை. உதைக்கச் சொல்லவோ மூச்சை எண்ணவோ யாரும் இல்லை. ஒவ்வொருத்தியாகத் திரும்ப இறங்கி மல்லாந்து படுத்தார்கள்.

விசிலக்கா கரையில் நின்று பார்த்தாள். இத்தனை வருடத்தில் இந்தக் கூட்டத்தோடு சேர்ந்து அவள் ஒரு நாளும் சும்மா மிதந்ததில்லை. விசிலைக் கழற்றித் துண்டின்மேல் வைத்தாள். இறங்கி, இரண்டு உதையில் நடுக்குளத்துக்கு வந்து, அவர்களுக்கு நடுவே படுத்துக்கொண்டாள்.

"அண்ணி" என்றது பக்கத்திலிருந்து நாத்தனாரின் குரல். "நீங்களும் படுத்துட்டா, யாராவது மூழ்கினா யார் பாக்கறது?"

"காமணி நேரத்துக்கு யாரும் மூழ்காதீங்க" என்று சொல்லிவிட்டு விசிலக்கா கண்ணை மூடிக்கொண்டாள்.